எரிஞ்சால் வேலை செய்யுதாம்

இரண்டு மாதத்துக்கு முன்னம் ஓர்ஸ் ஹில்லில எங்கட ஒழுங்கைக்குள்ள ஒரு சின்னப் பொலித்தீன் பக்கெட் வந்து சேர்ந்தது. உள்ளுக்கு வெளிறின மண் நிறத்தில ஒரு பொடி. ஸ்டிக்கரில இரண்டு வரி: '100% இயற்கை', 'அனைத்து வகைச் சருமத்துக்கும்'. விலை பேனையால எழுதியிருந்தது. செய்தவர் யார், எங்க செய்தது, எப்ப செய்தது, எப்ப முடியும், உள்ளுக்கு என்ன இருக்கு, ஒன்றுமே இல்லை. ஒரு மாலுபணிஸ் சுற்றி வாற பேப்பரில கூட இதைவிடக் கூடுதல் விபரம் இருக்கும்.

வாங்கினது என்ர மச்சாள். கலியாணம் நெருங்குது. வித்தவ சொன்னபடியே தேசிப்புளி விட்டுக் குழைச்சு, முகம் முழுக்க அப்பி, ஃபானுக்கு நேர இருந்தவ. காய்ஞ்சு வெடிக்கும்வரை கழுவக்கூடாது என்பது கட்டளை. கால் மணித்தியாலத்தில எரிய ஆரம்பிச்சிட்டுது. வட்ஸ்அப்பில கேட்டா, ஒரு குரல்பதிவு வந்தது: 'எரிஞ்சால்தான் தங்கச்சி, அது வேலை செய்யுது என்று அர்த்தம். பயப்படாதைங்கோ.' பயப்படாமல் முக்கால் மணித்தியாலம் இருந்தவ. அடுத்த நாள் கன்னம் இரண்டும் சிவப்பு. இரண்டு கிழமையில அந்தச் சிவப்பு இருந்த இடமெல்லாம் கறுப்புத் திட்டு. அதையும் படம் எடுத்து அனுப்பினா. பதில் என்ன தெரியுமோ? 'அதுக்கு எங்களிட்ட ஒரு நைட் கிரீம் இருக்கு.'

இந்தக் கட்டுரை அந்த ஒரு வசனத்துக்கு எதிராக. எரிஞ்சால் வேலை செய்யுதாம். சலூனில சொல்லினம், லைவ் போட்டு விக்கிற அக்காமார் சொல்லினம், கம்பஸில படிக்கிற எங்கட சிநேகிதப் பிள்ளையளும் ஒருத்தருக்கொருத்தர் சொல்லினம். முகம் எரியுது என்றால் தோல் 'விடு' என்று சொல்லுது. அதுக்கு வேற அர்த்தம் கிடையாது.

முதலில மண்ணைப் பற்றி ஒரு நியாயம் சொல்லவேணும், ஏனென்றால் களிமண்ணில எனக்கு ஒரு கோபமும் இல்லை. முல்தானி மட்டி பாகிஸ்தான் பஞ்சாப்பில இருக்கிற முல்தான் நகரத்தின்ர பெயரைக் காவிக்கொண்டு வந்த மண். இதே இன மண்ணை ஐரோப்பாவில பழைய காலத்தில கம்பளித் துணியில இருக்கிற ஆட்டுக் கொழுப்பை எடுக்கப் பாவிச்சவை. அதை யோசிச்சுப் பாருங்கோ: கம்பளியின்ர கொழுப்பை உறிஞ்சி எடுக்கிற சாமான். பெண்டோனைட் என்பது தண்ணி பட்டால் ஊதிப் பெருக்கிற களி. கயோலின் என்கிற வெண்களி பெரிசாக ஊதாது, உறிஞ்சுறதும் குறைவு. அது எங்கட நாட்டிலேயே இருக்கு. பொரலஸ்கமுவவிலயும் மீட்டியாகொடையிலயும் தோண்டுற அந்த வெள்ளை மண்தான் பீங்கான் தொழிலுக்குப் போறது. நீங்கள் தேத்தண்ணி குடிக்கிற கோப்பையும் உங்கட மாஸ்க்கும் ஒரே வீட்டுப் பிள்ளையளாக இருக்கலாம்.

களித் துணிக்கைகள் மெல்லிய தகடுகள். அதால கொஞ்ச மண்ணுக்கே பெரிய மேற்பரப்பு. தோலின்ர மேல இருக்கிற எண்ணெயும் அழுக்கும் அதில ஒட்டுது, கழுவும்போது கூடப் போகுது. அவ்வளவுதான் வேலை. எண்ணெய் வழியிற முகத்துக்கு அது உண்மையிலேயே சுகமான வேலை, இல்லை என்று சொல்லேல்ல. ஆனால் எண்ணெய் சுரக்கிறதைத் தீர்மானிக்கிறது உடம்புக்குள்ள இருக்கிற ஹோர்மோன். மேலால பூசுற மண்ணுக்கு அங்க போற வழி தெரியாது. 'நச்சை உறிஞ்சி எடுக்கும்' என்று எழுதுகினம். உடம்பு நச்சை வெளியேத்துறதுக்கு ஈரலும் சிறுநீரகமும் வைச்சிருக்கு. கன்னத்தில அதுக்கு ஒரு வாசலும் இல்லை. 'துவாரத்தைத் திறந்து மூடும்' என்றும் சொல்லினம். தோல் துவாரத்துக்குத் தசை இல்லை, அது யன்னல் மாதிரித் திறந்து மூடாது. 'நிறம் தரும்' என்பதுதான் பெரிய பொய். எண்ணெய்ப் பளபளப்புப் போனதும் முகம் ஒரு அரை நாள் வெளிச்சமாகத் தெரியும், பிறகு உங்கட முகம் உங்கட முகம்தான்.

அப்ப மச்சாளின்ர முகத்தில நடந்தது என்ன? மூன்று பிழை ஒன்றாக நடந்தது. மண் காயக் காய அதில இருக்கிற ஈரம் ஆவியாகுது, பூச்சு சுருங்கித் தோலை இழுக்குது, தோலின்ர ஈரமும் எண்ணெயும் சேர்ந்து போகுது. ஃபானுக்குக் கீழ இது இன்னும் கெதியாக நடக்கும். இரண்டாவது, தேசிப்புளி. தோலின்ர இயல்பான பிஎச் ஐந்துக்குக் கிட்ட. தேசிப்புளி இரண்டு அளவில நிக்குது. அந்த அமிலத்தை மண்ணோட குழைச்சு முக்கால் மணித்தியாலம் பூசி வைச்சிருக்கிறது பிழை. தேசிக்காயில வெயில் பட்டால் தோலைப் புண்ணாக்கிற பதார்த்தங்களும் இருக்கு, பூசிப்போட்டு மத்தியானம் வெளியில போனால் கொப்புளம் போடக்கூடும். (சில பேர் தேசிக்காய்க்குப் பதிலாக அப்பச்சோடா போடச் சொல்லினம். அது மற்றப் பக்கத்தால பிழை, பிஎச் எட்டுக்கு மேல. அமிலத்தில இருந்து காரத்துக்குத் தாவுறது பரிகாரமில்லை.) மூன்றாவது, எரிவு தொடங்கின பிறகும் கழுவாமல் இருந்தது. அந்த மூன்றாவதுக்கு மண் பொறுப்பில்லை, மச்சாளும் பொறுப்பில்லை. அந்தக் குரல்பதிவுதான் பொறுப்பு.

இனிக் கறுப்புத் திட்டு. எங்கட மண்ணிறத் தோலுக்கு ஒரு குணம்: எங்க அழற்சி வந்தாலும், அது ஆறின பிறகு அந்த இடத்தில நிறமி கூடிக் கறுக்கும். பரு போன இடம், நுளம்பு கடிச்ச இடம், எரிஞ்ச இடம், எல்லாம் அப்படித்தான். வெள்ளைக்காரத் தோலில எரிவு சிவந்து மறையும், எங்களுக்கு மாசக்கணக்கில கறை நிக்கும். எரிய எரியப் பூசச் சொல்ற ஆலோசனை எங்கட தோலுக்கு இரட்டிப்பு ஆபத்து என்பது இதனாலதான். வியாபாரத்துக்கு இதைவிட நல்ல ஏற்பாடு உண்டோ? முதல் பக்கெட் கறுப்பாக்கும், இரண்டாவது டப்பா வெளுப்பாக்க வரும். திட்டம் போட்டுச் செய்யினம் என்று நான் சொல்லேல்ல. அறியாமல் செய்தாலும் காசு ஒரே பைக்குள்ளதான் போகுது.

'தோல் வகை' அட்டவணையைப் பற்றியும் கதைக்கவேணும். எண்ணெய், வறட்சி, கலவை என்று போற நாலு கட்டத்தைப் போன நூற்றாண்டின்ர தொடக்கத்தில பிரபலப்படுத்தினது ஹெலினா ரூபின்ஸ்டைன் என்ற அழகுசாதன வியாபாரி. வைத்தியர்கள் பாவிக்கிற ஃபிட்ஸ்பற்றிக் வகைப்பாடு வேற. 1975 இல வந்த அது, தோல் வெயிலில எரியுமோ கறுக்குமோ என்று பார்க்கிறது, அதிலயும் முதலில வெள்ளைத் தோல்தான் இருந்தது, மண்ணிறமும் கறுப்பும் பிறகுதான் சேர்த்தவை. நாலு கட்டம் முழுப் பொய் என்று நான் சொல்ல வரேல்ல, கைக்காவலுக்கு உதவும். ஆனால் அது சாதிச் சான்றிதழ் மாதிரி பிறப்போட வாறதில்லை. திருகோணமலையில இருக்கிற ஆருக்கும் இது தெரிஞ்சிருக்கவேணும். கச்சான் காற்று அடிக்கிற மாதங்களில காலையில துவைச்சது பத்து மணிக்குக் காய்ஞ்சு விறைக்குது, உதடு வெடிக்குது, துறைமுகத்துப் பக்கம் பார்த்தால் கண் எரியுது. அந்த நேரம் 'நான் ஒயில் ஸ்கின்' என்று கிழமைக்கு மூன்று தரம் மண் பூசினால் என்ன நடக்கும்? அதே முகம் வாடைக்காற்றில, மழைப் புழுக்கத்தில, வேற முகம். மாதவிடாய்க்கு முதல் கிழமை இன்னொரு முகம். பதினேழு வயதில எண்ணெய் வழிஞ்ச பிள்ளை முப்பத்தைந்தில வறண்டு போவா. பக்கெட்டில ஒட்டின ஸ்டிக்கருக்கு இதெல்லாம் தெரியாது. அது 'அனைத்து வகை' என்று சொல்லிப்போட்டு நித்திரை கொள்ளுது.

சரி, பூசத்தான் போறம் என்றால்? பூசுங்கோ. எண்ணெய் முகத்துக்கு முல்தானி மட்டியோ பெண்டோனைட்டோ கிழமைக்கு ஒருக்கால், கூடிப்போனால் இரண்டு தரம். வறண்ட தோலுக்கு வெண்களி, அதுவும் இரண்டு கிழமைக்கு ஒருக்கால் போதும், பூசாமல் விட்டாலும் ஒரு குடியும் முழுகாது. நெற்றியும் மூக்கும் மட்டும் வழியிது, கன்னம் காயுது என்றால் நெற்றிக்கும் மூக்குக்கும் மட்டும் பூசுங்கோ, முழு முகத்துக்கும் பூசவேணும் என்று சட்டம் இல்லை. வெறும் தண்ணியில குழையுங்கோ. ஐந்து தொடக்கம் பத்து நிமிஷம். ஓரம் காயத் தொடங்கி நடுவில ஈரம் இருக்கிறபோதே கழுவுங்கோ, உரசாமல், சாதாரணத் தண்ணியில. கழுவின கையோட ஈரப்பதன் கிரீம். புதுப் பொடி என்றால் முதலில முழங்கையின்ர உள்பக்கம் கொஞ்சம் பூசிக் கழுவி, இரண்டு நாள் பார்த்துப் பிறகு முகம். கலியாணத்துக்கு இரண்டு நாள் இருக்கும்போது புதுசாக ஒன்றும் தொடவே வேண்டாம், அதை எங்கட அன்ரிமாருக்கு யாராவது எழுதிக் குடுங்கோ.

கரப்பன் இருக்கிறவை, உடைஞ்ச பரு இருக்கிறவை, வெயிலில எரிஞ்ச முகம், நூல் பிடிச்ச அண்டு, ஷேவ் எடுத்த அண்டு, பருவுக்கு டொக்டர் தந்த ரெட்டினோயிட் பூசுறவை: மண் பக்கம் போகவேண்டாம். குழைச்சதை ஃபிரிட்ஜில வைச்சு நாளைக்கும் பாவிக்கவேண்டாம், அதில கிருமி வளரும், தயிர் சேர்த்தது என்றால் சொல்லவே தேவையில்லை. பொடியைக் கொட்டும்போது மூக்கைத் தள்ளிப் பிடியுங்கோ, மண் தூசு சுவாசப்பைக்கு நல்லதில்லை. தம்பிமாருக்கும் ஒரு சொல்: சலூனில உரிச்சு எடுக்கிற அந்தக் கறுப்பு மாஸ்க் களிமண்ணே இல்லை, ஒரு பசை. அது இழுத்து எடுக்கிறதில பாதி உங்கட மயிரும் மேல்தோலும்.

இப்ப எனக்கு எதிராக வரப்போற வாதம் தெரியும். 'எங்கட அம்மம்மா பயத்தம்மாவும் கஸ்தூரி மஞ்சளும் பூசித்தானே எண்பது வயதுவரை பளபளவென்று இருந்தவ?' இருந்தவதான். அவ என்ன செய்தவ என்று ஞாபகப்படுத்திப் பாருங்கோ. கிணத்தடியில உள்ளங்கையில மாவை எடுத்து, தண்ணி விட்டு, தேய்ச்சு, உடன ஒரு வாளித் தண்ணி ஊத்தினவ. சவர்க்காரத்துக்குப் பதிலாக மா. முக்கால் மணித்தியாலம் சிலை மாதிரி இருந்ததில்லை, அதுக்கு அவவுக்கு நேரமும் இருந்ததில்லை. பயறு எந்தத் தோட்டத்தில இருந்து வந்தது என்று தெரியும், மஞ்சளைத் தானே இடிச்சவ. இப்ப பக்கெட்டில வாற மஞ்சள் அப்படியோ? நிறம் பளிச்சென்று தெரிய ஈயக் குரோமேட் கலந்த மஞ்சள் பங்களாதேஷில பிடிபட்டு ஊரே பேசினது. மண்ணும் பரிசுத்தமில்லை. நிலத்தில இருந்து வாற மண்ணில நிலத்தில இருக்கிற ஈயமும் ஆர்செனிக்கும் சேர்ந்து வரலாம். 2016 இல அமெரிக்காவின்ர உணவு மருந்து நிர்வாகம் ஈயம் கூடுதலாக இருந்ததால பெண்டோனைட் பொடிகளைப் பாவிக்கவேண்டாம் என்று எச்சரிச்சது. அதுவும் 'இயற்கை'தான். ஈயம் இயற்கை. பாதரசமும் இயற்கை. நாகபாம்பின்ர விஷத்தை ஆர் பக்டரியில செய்யினம்?

பாதரசம் என்று சொன்னதும் அந்த 'நைட் கிரீம்' கதைக்கு வருவம், ஏனென்றால் மண் மாஸ்க் பல நேரம் வாசல் மட்டும்தான், வீடு உள்ளுக்கு இருக்கு. பாதரச உப்பு தோலில மெலனின் உண்டாகிறதைத் தடுக்கும், அதாலதான் 'ஏழு நாளில வெள்ளை'. அதே பாதரசம் தோலால உள்ளுக்குப் போய்ச் சிறுநீரகத்தைக் கெடுக்கும், நரம்பைத் தாக்கும். பூசினவையோட நிக்காது, தலையணை உறையில, துவாயில, காத்தில கலந்து வீட்டில இருக்கிற குழந்தைக்கும் போகும். பல நாடுகளில நடந்த சோதனைகளில கிலோவுக்கு ஒரு மில்லிகிராம் என்ற பழைய எல்லையைவிட ஆயிரக்கணக்கான மடங்கு கூடுதலாகப் பாதரசம் இருந்த கிரீம்கள் பிடிபட்டிருக்கு. 2023 இல மினமாட்டா உடன்படிக்கை நாடுகள் கூடி, பாதரசம் சேர்த்த அழகுசாதனம் ஒன்றுமே 2025 க்குப் பிறகு செய்யவோ இறக்கவோ ஏற்றவோ கூடாது என்று முடிவெடுத்தவை. அதே வருஷம் பெப்ரவரியில ஐ.நா. சுற்றாடல் திட்டம் இந்தக் கிரீம்களை ஒழிக்க ஒரு கோடியே 40 லட்சம் டொலரில ஒரு திட்டம் தொடங்கினது. எந்த நாடுகளில என்று நினைக்கிறியள்? காபோன், ஜமேக்கா, இலங்கை. உலகத்தில மூன்று நாட்டைப் பிடிச்சதில ஒன்று நாங்கள். இந்தச் செய்தி எங்கட லைவ் அக்காமாரின்ர கொமென்ட் பெட்டிக்கு இன்னும் வந்து சேரேல்ல.

மற்றது ஸ்டீரொயிட். கிரீம் பூசி மூன்றாம் நாளே சிவப்பும் பருவும் வெளுப்பாக அடங்கிச்செண்டால் சந்தேகப்படுங்கோ. முதலில அதிசயம், பிறகு தோல் மெலிஞ்சு நரம்பு தெரியும், பரு கொத்தாக வரும், மயிர் முளைக்கும், வெயிலில நிக்கேலாது. நிப்பாட்டினால் முகம் நெருப்பு மாதிரி எரியும், அதுக்குப் பயந்து திரும்பப் பூசுவியள். அந்தச் சுழலில மாட்டின பிள்ளையளை எனக்குத் தெரியும். அவையில ஒருத்தி வெளியில வாறதையே விட்டுட்டா.

சட்டம் என்ன செய்யுது? 1980 இல வந்த சட்டத்தின்ர பெயரிலேயே அழகுசாதனம் இருந்தது: அழகுசாதனப் பொருட்கள், கருவிகள், ஒளடதங்கள் சட்டம். 2015 இல அதை நீக்கிப்போட்டு தேசிய ஒளடதங்கள் ஒழுங்குபடுத்தல் அதிகாரசபைச் சட்டம் வந்தது. பெயரைப் பாருங்கோ, அழகுசாதனம் எங்க போச்சு? பெயரில இருந்து விழுந்தது அலுவலர்களின்ர கவனத்தில இருந்தும் விழுந்ததோ என்று கேட்கிற உரிமை எங்களுக்கு இருக்கு. பாவனையாளர் அலுவல்கள் அதிகாரசபைக்கு 1977 என்ற இலக்கம் இருக்கு, லேபிள் இல்லாத சாமானை முறையிடலாம். ஆனால் முறையிட எங்கட பிள்ளையளுக்கு வெட்கம். 'வெள்ளையாகப் பார்த்து ஏமாந்தவள்' என்று பெயர் வந்திடுமாம்.

வெட்கப்படவேண்டியது அவளில்லை. 'பொம்பிளை நல்ல பிள்ளை, நிறம்தான் கொஞ்சம் குறைவு' என்று தரகருக்கு முன்னால கதைச்ச மாமிமார் வெட்கப்படட்டும். சிவந்த மணமகள் தேவை என்று பத்திரிகையில விளம்பரம் குடுத்த, கறுத்த மாப்பிள்ளையின்ர தகப்பன் வெட்கப்படட்டும். 1975 இல தொடங்கி நாற்பத்தைந்து வருஷம் வெளுப்பை வித்துப்போட்டு 2020 இல 'ஃபெயார்' என்ற சொல்லை எடுத்து 'க்ளோ' என்று மாத்தி, பெயரோட பாவத்தையும் கழுவினதாக நினைச்ச கம்பனி வெட்கப்படட்டும். முகப்பூச்சைப் பற்றிக் கதைச்சாலே 'பொம்பிளையளின்ர விசர்' என்று சிரிக்கிற எங்கட முற்போக்குத் தம்பிமாரும் கொஞ்சம் வெட்கப்படலாம். இந்த ஊரில ஒரு பிள்ளை தன்ர கலியாணத்துக்குத் தான் போதாது என்று நம்பி முகத்தை எரிக்கிறா. அது அரசியல் இல்லையென்றால் வேற எது?

வீட்டில இருந்து பொடி செய்து விக்கிற அக்காமாரை நான் பகைக்கேல்ல. நெருக்கடிக்குப் பிறகு எத்தனை அடுப்பு அந்தப் பக்கெட்டால எரியுது என்று தெரியும். அவையிட்டக் கேட்கிறது பெரிசில்லை: உள்ளுக்கு என்ன இருக்கு, எங்க வாங்கின மண், செய்த திகதி, முடிவுத் திகதி, உங்கட இலக்கம், இவ்வளவையும் எழுதுங்கோ. 'அனைத்து வகை' என்றதை வெட்டுங்கோ. எரியுது என்று ஆரும் கேட்டால் 'உடன கழுவுங்கோ' என்று சொல்லுங்கோ. அந்த இரண்டு சொல்லுக்கு லாபம் குறையாது. என்ர மச்சாளுக்காக நான் இதைக் கேட்டபோது வந்த பதில்: 'எல்லாரும் இப்படித்தானே விக்கினம்.'

மச்சாள் அந்த நைட் கிரீமை வாங்கேல்ல. இப்ப சன்ஸ்கிரீனும் ஈரப்பதன் கிரீமும் மட்டும், திட்டு மெதுவாக வெளிறுது. நீங்கள் ஏற்கெனவே ஒரு கிரீமில மாட்டியிருந்தால், பெயரில்லாத டப்பாவோ வெளிநாட்டு எழுத்து மட்டும் இருக்கிற டப்பாவோ என்றால், அரச வைத்தியசாலைத் தோல் கிளினிக்குக்குப் போங்கோ, காசு இல்லை. ஸ்டீரொயிட் என்றால் நிப்பாட்டுற விதத்தையும் அவையே சொல்லட்டும். போகேக்க டப்பாவை எறிஞ்சுபோட்டுப் போகாதைங்கோ. ஒரு பையில சுற்றி, மூடியும் பெட்டியும் இருந்தால் அதையும் சேர்த்து, கையோட கொண்டு போங்கோ.